வலது ஓரத்துக் கட்டம்

அக்காவுக்காக நான் செய்த இணையப் பக்கத்தில் ஒன்பது கட்டங்கள் இருந்தன. வரிசைக்கு மூன்று. ஒவ்வொன்றிலும் ஒரு படம், அதன் கீழே தமிழில் ஒரு சொல், அதற்கும் கீழே சின்னதாக வங்காளத்தில் அதே சொல். பேச்சு நின்றுபோன அக்கா, டேப்லெட் திரையில் தெரியும் அந்தக் கட்டங்களைத் தொட்டுத்தான் தனக்கு வேண்டியதைக் கேட்க வேண்டும். கடைசி வரிசையின் வலது ஓரக் கட்டத்தில் என் படத்தைப் போட்டு 'தம்பி' என்று எழுதியிருந்தேன். அக்கா தண்ணீரைத் தொட்டாள். வலியைத் தொட்டாள். சென்னையில் இருக்கும் மகளின் முகத்தைத் தொட்டாள். வாரக்கணக்கில் என்னை மட்டும் தொடவே இல்லை.

வருத்தமாகத்தான் இருந்தது. யாரிடமும் சொல்லவில்லை. என் வருத்தத்தைச் சொல்லிக்கொள்ள எனக்கு இருந்த ஒரே ஆள் அக்காதான்.

நான் கரியாஹாட்டில் ஒரு புடவைக் கடையில் வேலை பார்க்கிறேன். பன்னிரண்டாம் வகுப்போடு படிப்பு முடிந்தது. அந்த வேலையையும் அக்காதான் வாங்கித் தந்தாள். எங்கள் குடும்பம் தாத்தா காலத்திலேயே இந்த வங்காள நகரத்துக்கு வந்துவிட்டது. வீட்டுக்குள் தமிழ், வாசலைத் தாண்டினால் வங்காளம். அக்கா இரண்டையும் ஒரே வேகத்தில் பேசுவாள். எனக்கு இரண்டுமே தெரியும், இரண்டிலும் வாய் வராது. கணவரை இழந்த பிறகு அக்கா என்னோடு ஜாதவ்பூர் பக்கம் ஒரு வாடகை வீட்டுக்கு வந்தாள். நான் அவளோடு போனேன் என்றும் சொல்லலாம். வீட்டுக்காரரிடம் பேசுவது, கேஸ் சிலிண்டர்காரனிடம் சண்டை போடுவது, டாக்டரிடம் என் வயிற்றுவலியை விவரிப்பது எல்லாம் அவள்தான்.

புடவைக் கடை முதலாளியிடம் என்னைக் கூட்டிக்கொண்டு போன அன்று, அவள் வங்காளத்தில் சொன்னது நினைவிருக்கிறது. "என் தம்பி வாயைத் திறக்க மாட்டான். ஆனா குடுத்த வேலையைச் செய்வான்."

முதலாளி சிரித்தார். "இந்தக் கடையில பேசறதுக்கு நான் ஒருத்தன் போதாதா? வாயை மூடிக்கிட்டு வேலை செய்யற ஆளைத்தான் தேடிக்கிட்டு இருக்கேன். நாளைக்கே வரச் சொல்லுங்க, திதி." இந்த ஊரில் அவள் எல்லோருக்கும் திதி, அதாவது அக்கா.

நான் பக்கத்திலேயே நின்றுகொண்டிருந்தேன். என்னிடம் யாரும் ஒரு வார்த்தை கேட்கவில்லை. அது எனக்கு நிம்மதியாக இருந்தது.

கடை இணையத்தில் விற்கத் தொடங்கியபோது, படங்களை ஏற்றும் வேலை எனக்கு வந்தது. பக்கத்தை வடிவமைத்த பையன் கொஞ்ச நாளில் வேறு ஊருக்கு வேலை கிடைத்துப் போய்விட்டான். அவன் போனதும் பக்கம் கோணத் தொடங்கியது. ஒரு புடவையின் பெயர் நீளமாக இருந்தால் அதன் கட்டம் கீழே இறங்கும், அடுத்த வரிசை கலைந்துவிடும். முதலாளி என்னைப் பார்த்தார். யாரையாவது தேடிப் போய்க் கேட்பதைவிட நானே கற்றுக்கொள்வது எனக்குச் சுலபம். அப்படித்தான் சி.எஸ்.எஸ். பழகினேன். திரையில் எது எந்த நிறம், எவ்வளவு அகலம், எதற்குப் பக்கத்தில் எது நிற்க வேண்டும் என்று சின்னச் சின்ன வரிகளாக எழுதிவைப்பதுதான் அது.

பழகுவதற்கென்றே இலவசப் புதிர்கள் இருக்கின்றன. திரையில் சில வண்ணப் பெட்டிகள் ஓர் ஓரத்தில் குவிந்து கிடக்கும். அவை போய் நிற்க வேண்டிய இடங்கள் கோடு போட்டுக் காட்டியிருக்கும். ஒரே ஒரு வரி எழுதி அத்தனையையும் இடம் சேர்க்க வேண்டும். கடைக்குப் போகிற பஸ்ஸில் நான் அவற்றைப் போட்டுக்கொண்டே போவேன். முதலில் ஒவ்வொரு பெட்டியாகத் தள்ளப் பார்த்தேன். ஒன்று சரியானால் இன்னொன்று நகர்ந்துவிடும். பிறகுதான் புரிந்தது, பெட்டிகளிடம் சொல்லக் கூடாது, அவற்றைத் தாங்கி நிற்கும் பெரிய பெட்டியிடம் சொல்ல வேண்டும். 'சம இடைவெளி விடு' என்று அதனிடம் சொன்னால் உள்ளே இருப்பவை தாமாக விலகி நிற்கும். 'ஒன்றின் கீழ் ஒன்றாக நிறுத்து' என்றால் நிற்கும். நான் சொல்வதைக் கேட்டுவிட்டு அது என் முகத்தைப் பார்ப்பதில்லை. திருப்பி எதுவும் கேட்பதில்லை. இவ்வளவு சுலபமாக நான் யாரோடும் பேசியதில்லை.

கடைப் பக்கத்தில் எனக்கு ஒரு வழக்கம் படிந்தது. புடவை வாங்குகிறவர்கள் பெரும்பாலும் போனில்தான் பார்ப்பார்கள். அகலமான திரையில் மூன்று மூன்றாக நிற்கும் கட்டங்கள், போனின் ஒடுங்கிய திரையில் ஒன்றின் கீழ் ஒன்றாக இறங்கிவிடும்படி ஒரு வரி எழுதிவைப்பேன். யோசிக்காமலே கை அதை எழுதும். அந்த ஒரு வரிதான் பின்னால் என் கண்ணைத் திறந்தது.

மழைக்காலத்தில் ஒரு காலை நேரம். அக்கா ஜன்னலில் நின்று தெருவில் வண்டி தள்ளிவரும் காய்கறிக்காரரோடு பூசணிக்காய்க்குப் பேரம் பேசிக்கொண்டிருந்தாள். தினமும் கேட்கிற சத்தம்தான். நான் உள்ளே சட்டைக்கு இஸ்திரி போட்டுக்கொண்டிருந்தேன். பாதி வாக்கியத்தில் அவள் குரல் நின்றது. கொஞ்ச நேரம் கழித்துக் காய்கறிக்காரர், "திதி? ஓ திதி?" என்று கூப்பிடுவது கேட்டது. அக்கா குரல் கொடுக்காமல் இருந்து நான் பார்த்ததில்லை. அதனால்தான் ஓடினேன்.

ஆஸ்பத்திரியில் பக்கவாதம் என்றார்கள். திரும்பியபோது அக்காவின் வலது கை துவண்டிருந்தது. கால் மெல்ல மெல்லத் தேறியது. பேச்சு தேறவில்லை. அவளிடம் ஒரே ஒரு சொல் மிச்சமிருந்தது: "தேகி." காட்டு, பார்க்கலாம் என்று வங்காளத்தில் அர்த்தம். கடை கடையாக ஏறி இறங்கி அவள் வாழ்நாள் முழுக்கச் சொன்ன சொல். பசித்தாலும் தேகி. வலித்தாலும் தேகி. என்னைப் பார்த்தாலும் தேகி. நாம் சொல்வது அவளுக்குப் புரிந்தது, திருப்பிச் சொல்ல முடியவில்லை. தான் சொல்ல நினைத்தது இதுவல்ல என்பது அவளுக்கே தெரியும். சொன்ன உடனே கண்ணை மூடிக்கொள்வாள்.

பேச்சுப் பயிற்சி கொடுக்க வந்த வங்காளப் பெண், "படத்தைத் தொட்டுக் காட்டற மாதிரி ஏதாவது செஞ்சு வைங்க. பேச்சு வரும்போது வரட்டும். அதுவரைக்கும் அவங்க வாயடைச்சுக் கிடக்க வேண்டாம்" என்றாள். அப்படி வந்ததுதான் அந்தப் பக்கம்.

அதைக் கடையில், முதலாளியின் அனுமதியோடு செய்தேன். எளிதாக இல்லை. தமிழ்ச் சொல் நீளம். கட்டத்தை மீறிக்கொண்டு வெளியே போகும். எழுத்தைச் சின்னதாக்கினால் அக்காவால் படிக்க முடியாது. வரி உயரத்தைக் குறைத்தால் 'தண்ணீர்' மேல் இருக்கும் சுழி வெட்டுப்பட்டது, கூட்டினால் வங்காள வரி வெளியே தள்ளப்பட்டது. எல்லாக் கட்டமும் ஒரே அளவில், எதுவும் எதையும் நெருக்காமல் நிற்க வேண்டும். பல மாலைகள் அதோடு போயின. தொட்டால் சொல்லை உரக்கச் சொல்ல ஒரு குரலும் வேண்டியிருந்தது. வேறு யாரைக் கேட்பது? கோடவுனுக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டு, புடவைக் கட்டுகளுக்கு நடுவே நின்று நானே பதிவு செய்தேன். "தண்ணீர்." "வலி." "காபி." என் குரல் எனக்கே அன்னியமாகக் கேட்டது.

எந்தக் கட்டம் எங்கே என்பதையும் யோசித்தேன். அவசரமானவை இடது பக்கம்: தண்ணீர், வலி, மகள். நடுவில் சாப்பாடு, பாத்ரூம், மாஷி. மாஷி என்பது வீட்டோடு இருந்து அக்காவைப் பார்த்துக்கொள்ள வந்த அம்மாள். வலது பக்கம் காபி, ஜன்னல், கடைசியாகத் தம்பி. என் கட்டத்தை எங்கே வைப்பது என்று யோசிக்கக்கூட இல்லை. கூட்டமான அறைக்குள் போனால் கதவோரம் நிற்பேனே, அதே போலத்தான்.

அக்கா பக்கத்தைப் பழகிக்கொண்டாள். ஆனால் காபி கேட்கவில்லை. காலையில் காபி ஆறிப்போனால் வீட்டையே இரண்டாக்குகிறவள். ஜன்னலருகே உட்கார வேண்டும் என்று கேட்கவில்லை. தட்டில் பாதிச் சோற்றை அப்படியே வைத்துவிடுவாள். "பாதித் தட்டுதான் இறங்குது, தாதா" என்று மாஷி என்னை அண்ணன் முறையில் கூப்பிட்டு வங்காளத்தில் அலுத்துக்கொள்வாள். "அந்தப் பாதியை மட்டும் வழிச்சுச் சாப்பிட்டுடறாங்க. மிச்சத்தைப் பார்க்கக்கூட மாட்டேங்கறாங்க."

சென்னையிலிருந்து அக்காவின் மகள் வந்தாள். இந்த ஊரில் பிறந்து வளர்ந்து, வேலைக்காகச் சென்னை போனவள். ஒரு வாரம் கூடவே இருந்து எல்லாவற்றையும் பார்த்தாள்.

"மாமா, அம்மாவுக்கு எதிலயும் பிடிப்பே இல்லை. காபி கூட வேண்டாங்கறா. நான் கூட்டிட்டுப் போறேன். அங்க நல்ல ஸ்பெஷலிஸ்ட் இருக்காங்க, நானும் வீட்லேருந்து வேலை பார்ப்பேன்."

நான் தலையாட்டினேன்.

"அம்மாவையும் கேட்டுடலாம். நீங்க ஒரு பக்கம் போட்டுக் குடுங்க."

போட்டுக் கொடுத்தேன். இரண்டே கட்டங்கள், அருகருகே. இடது பக்கம் பச்சையில் 'ஆமாம்'. வலது பக்கம் சிவப்பில் 'வேண்டாம்'. மகள் அக்காவின் முன்னால் மண்டியிட்டு உட்கார்ந்தாள். "அம்மா, என்னோட சென்னைக்கு வர்றியா?"

அக்கா திரையைப் பார்த்தாள். "ஆமாம்" என்றது என் குரல்.

மகள் மறுபடி கேட்டாள். மறுபடியும் ஆமாம். அவள் அம்மாவைக் கட்டிக்கொண்டு அழுதாள். அக்கா போனால் அந்த வீட்டில் பேச ஆளில்லை. ஆனால் கேள்வியும் கேட்டாகிவிட்டது, பதிலும் வந்துவிட்டது. மகள் டிக்கெட் போடுவதற்காகவும் அங்கே வீட்டை ஒழுங்கு செய்வதற்காகவும் சென்னை திரும்பினாள். மாதக் கடைசியில் வந்து அழைத்துப்போவதாக ஏற்பாடு.

அவள் போன பிறகு ஒரு ஞாயிற்றுக்கிழமை, டேபில் சார்ஜ் தீர்ந்துவிட்டது. மாஷி சமையலறையில் இருந்தாள். என் போனிலேயே பக்கத்தைத் திறந்து அக்காவின் இடது கையில் கொடுத்துவிட்டு, சுவரோரம் டேபைச் சொருகப் போனேன்.

பின்னாலிருந்து என் குரல் கேட்டது. "காபி."

திரும்பினேன். அக்கா கட்டைவிரலால் திரையைக் கீழே தள்ளிக்கொண்டிருந்தாள். "ஜன்னல்" என்றது. இன்னும் தள்ளினாள். பிறகு, "தம்பி."

நான் அசையாமல் நின்றேன். அவள் நிமிர்ந்து என்னைப் பார்த்தாள். பார்த்தபடியே மறுபடி தொட்டாள். "தம்பி. தம்பி. தம்பி."

மாஷி கரண்டியோடு ஓடிவந்தாள். "யாரு தாதா கூப்பிடறது? நீங்களே உங்களைக் கூப்பிட்டுக்கறீங்களா?"

காபி போட்டுக் கொடுத்தேன். ஜன்னலருகே நாற்காலி போட்டேன். அக்கா தேறிவருகிறாள் என்று நினைத்துக்கொண்டேன். மறுநாள் சார்ஜ் ஏறிய டேபைக் கொடுத்ததும் பழையபடி தண்ணீர், வலி, மகள்.

பஸ்ஸில் அன்றைக்கு நான் புதிர் போடவில்லை. இதுவே புதிராக இருந்தது. அதே பக்கம், அதே படங்கள், அதே குரல். டேபில் இல்லாதது போனில் என்ன இருந்தது? ஒன்றே ஒன்றுதான் மாறியிருந்தது. டேபில் மூன்று மூன்றாக நின்றவை, என் கைப்பழக்கத்தால் போனில் ஒன்றின் கீழ் ஒன்றாக இறங்கியிருந்தன. அங்கே வலது பக்கம் என்று ஒன்று இல்லை.

அவள் தொடாத மூன்று கட்டங்களும் டேபில் வலது ஓரத்தில் இருந்தவை. தட்டில் அவள் தொடாத பாதியும் வலது பாதி.

அன்று மாலை வீட்டுக்கு வந்ததும் கட்டங்களை இடம் மாற்றினேன். காபியை இடது பக்கம் கொண்டுவந்தேன். உடனே தொட்டாள். உறுதிசெய்துகொள்ளத் தண்ணீரை வலது ஓரத்துக்கு மாற்றினேன். அக்காவின் விரல் முதல் வரிசைக்குப் போனது. காணாமல் இரண்டாம் வரிசைக்கு இறங்கியது. திரும்ப மேலே வந்தது. உதட்டை ஈரப்படுத்திக்கொண்டாள். "தேகி" என்றாள், "தேகி, தேகி" என்றாள். தாகத்தோடு தேடுகிறாள், தண்ணீர் ஒரு சாண் தள்ளித்தான் இருக்கிறது. எனக்கு அதற்கு மேல் தாங்கவில்லை. டேபை வாங்கிவைத்துவிட்டுத் தம்ளரில் தண்ணீர் கொண்டுவந்தேன்.

பயிற்சி கொடுக்கும் பெண் வந்தபோது சொன்னேன். அவள் அக்காவின் முகத்துக்கு நேரே விரலை வைத்து இரண்டு பக்கமும் நகர்த்திப் பார்த்தாள். பிறகு டாக்டரும் பார்த்தார். கண்ணில் பழுதில்லை, வலது பாதியில் இருப்பதை மூளை வாங்கிக்கொள்வதில்லை, அங்கே ஒன்று இருக்கிறது என்பதே அவளுக்குத் தெரியாது, தலையைத் திருப்பிப் பார்க்கப் பழக்க வேண்டும் என்றார்கள்.

அவர்கள் பேசிக்கொண்டிருக்கும்போதே என் மனம் வேறு பக்கத்துக்குப் போய்விட்டது. இரண்டு கட்டங்கள் கொண்ட அந்தப் பக்கம். இடது பக்கம் ஆமாம். வலது பக்கம் வேண்டாம். அக்கா 'வேண்டாம்' என்ற கட்டத்தைப் பார்க்கவே இல்லை. ஒரே ஒரு பதிலைக் காட்டி அவளிடம் கேள்வி கேட்டிருக்கிறோம்.

அன்றே மகளுக்குப் போன் செய்ய வேண்டும். நான் யாருக்கும் போன் செய்கிறவன் இல்லை. செய்தி எழுதினேன், அழித்தேன், மறுபடி எழுதினேன். எழுதினால் நான் ஏதோ சாக்குச் சொல்வது போல இருந்தது. கடைசியில் கூப்பிட்டேன். தட்டுத் தடுமாறிச் சொல்லி முடித்தேன்.

"மாமா, டிக்கெட் போட்டாச்சு. டாக்டரைப் பார்க்க நாள் வாங்கியாச்சு. இப்ப வந்து சொல்றீங்களே" என்றாள்.

"எனக்கே இப்பத்தான்..."

"அம்மா அங்கயே இருக்கணும்னு நீங்க நினைக்கறீங்க. இல்லேன்னு சொல்லுங்க பார்க்கலாம்."

இல்லை என்று சொல்ல முடியவில்லை. "நினைக்கறேன்" என்றேன். "அதனாலதான் நீ வந்து கேளு. நான் கேட்க மாட்டேன்."

அவள் குறித்த நாளுக்கு முன்பே வந்தாள். அதற்குள் நான் புதுப் பக்கம் செய்ய வேண்டியிருந்தது. இரண்டு கட்டங்களை ஒன்றின் கீழ் ஒன்றாக நிறுத்த ஒரே வரி போதும். முதல் புதிரிலேயே கற்றுத்தருவார்கள். ஆனால் எதை மேலே வைப்பது என்று எந்தப் புதிரும் சொல்லித்தரவில்லை. மேலே இருப்பதைத்தான் கண் முதலில் பார்க்கும், கையும் முதலில் அங்கேதான் போகும். 'வேண்டாம்' மேலே இருந்தால் அது என் ஆசை. பச்சை அழைக்கிற நிறம், சிவப்பு தடுக்கிற நிறம்; அதையும் நான்தான் கொடுத்தேன். கட்டங்களை அடுக்குகிறவன் பதிலில் பாதியை எழுதிவிடுகிறான் என்று அப்போதுதான் விளங்கியது. எத்தனையோ பேர் புடவை வாங்கும் பக்கத்தை அடுக்கியவன் நான். அதுவரை எனக்கு இது தோன்றியதில்லை.

இரண்டுக்கும் ஒரே வெளிர் சாம்பல் நிறம் கொடுத்தேன். 'வேண்டாம்' நீளமான சொல். அதன் கட்டம் அகலமாகிவிடாதபடி இரண்டுக்கும் ஒரே அளவு. ஒரு முறை கேட்ட பிறகு மேலே இருப்பது கீழே போய், கீழே இருப்பது மேலே வரும்படி செய்தேன். எல்லாவற்றையும் திரையின் இடது பாதியில் வைத்தேன்.

மகள் பார்த்துவிட்டு, "மூணாவதா ஒண்ணு போடுங்க மாமா. 'பார்க்கலாம்'னு. அம்மா எந்தக் கடையிலயாவது முதல் தடவையே முடிவு சொல்லியிருக்காளா?" என்றாள். போட்டேன்.

சென்னைக் கேள்வியை அவள் உடனே கேட்கவில்லை. முதலில் அம்மா பக்கத்தைப் பழகட்டும் என்றாள். அக்கா 'வேண்டாம்' கட்டத்தைப் பார்த்ததும் விரலை அதன் மேல் வைத்து, எடுக்காமல் வைத்திருந்தாள். பிறகு தொட்டாள். "வேண்டாம்" என்றது என் குரல். மறுபடி தொட்டாள்.

மாஷி எண்ணெய் தேய்க்க வந்தாள். வேண்டாம். குளிக்கலாமா? வேண்டாம். இட்லி? வேண்டாம். மாத்திரை? வேண்டாம். டிவி? வேண்டாம்.

"எதுக்கு தாதா இதைக் கண்டுபிடிச்சுக் குடுத்தீங்க? இனிமே நான் எப்படி இங்க வேலை பார்க்கறது?" என்று மாஷி தலையில் கை வைத்துக்கொண்டாள். மகள் சிரித்தாள். அக்காவும் ஒரு பக்கமாகச் சிரித்தாள். நானும் சிரித்துவிட்டுச் சமையலறைக்குப் போய்க் குழாயைத் திறந்துவிட்டு நின்றேன். அத்தனை வாரமும் அக்காவால் எதையுமே மறுக்க முடியாமல் இருந்திருக்கிறது. விலை படியாவிட்டால் பாதித் தெரு வரை நடந்துபோய்த் திரும்பி வருகிறவள். கொடுத்ததையெல்லாம் விழுங்கிக்கொண்டு, கேட்டதற்கெல்லாம் ஆமாம் சொல்லிக்கொண்டு கிடந்திருக்கிறாள்.

மறுநாள் காலை காபி குடித்த பிறகு மகள் கேட்டாள். இந்தப் பதில் என்னவாக இருக்கும் என்று இப்போது அவளுக்கும் தெரியாது.

"அம்மா, சென்னைக்கு என் வீட்டுக்கு வர்றியா? வேண்டாம்னா வேண்டாம்னு சொல்லும்மா. நான் ஒண்ணும் நினைச்சுக்க மாட்டேன்."

அக்கா மூன்றையும் பார்த்தாள். "பார்க்கலாம்."

"நான் சொன்னேனா இல்லையா?" என்று மகள் அழுகையும் சிரிப்புமாக என் பக்கம் திரும்பினாள்.

அன்று முழுக்க அக்கா ஜன்னலை விட்டு நகரவில்லை. காய்கறிக்காரர் வந்து நின்று, நலம் விசாரித்துவிட்டு, ஒரு கட்டுக் கீரையை ஜன்னல் வழியாக நீட்டினார். வாங்கிக்கொண்டாள். அந்தத் தெருவையும், எதிர்வீட்டு மாடியில் காயும் துணியையும், ரிக்‌ஷாக்காரர்கள் டீ குடிக்கும் கடையையும் பார்த்துக்கொண்டே இருந்தாள். அடிக்கடி தலையைத் திருப்பி வலது பக்கத்தையும் பார்த்தாள். பயிற்சியில் சொல்லிக்கொடுத்திருந்தார்கள். அவள் வேண்டாம் என்றுதான் சொல்லப்போகிறாள் என்று நான் நினைத்தேன். நினைக்கக் கூடாது என்று எண்ணியபடியே நினைத்தேன்.

அதற்கடுத்த நாள் மகள் மறுபடி கேட்டாள். மேலே வேண்டாம், நடுவில் பார்க்கலாம், கீழே ஆமாம். அக்காவின் விரல் மேல் கட்டத்தின் மீது நெடுநேரம் நின்றது. தொடவில்லை. மெல்லக் கீழே இறங்கியது.

"ஆமாம்."

நான் டேபை வாங்கி இடம் மாற்றிக் கொடுத்தேன். இரண்டு முறை தப்பாக அழுத்தினேன். இப்போது மேலே ஆமாம், கீழே வேண்டாம். அக்கா இரண்டையும் பார்த்துவிட்டு, சந்தேகமே இல்லாமல் ஆமாமைத் தொட்டாள்.

முன்பு வந்ததும் இதே சொல்தான். ஆனால் அதை நான் அடுக்கிவைத்தேன். இதை அவளே சொன்னாள்.

மகள் அம்மாவின் மடியில் முகத்தை வைத்துக்கொண்டாள். பிறகு நிமிர்ந்து என்னைப் பார்த்தாள். "அம்மா, மாமாவும் நம்மளோட வரட்டுமா?"

அக்கா என்னைப் பார்த்தாள். என்னைப் பார்த்தபடியே இடது கையை நீட்டித் திரையைத் தேடினாள். "வேண்டாம்" என்றது என் குரல்.

மகள் திகைத்துப்போனாள். அக்கா அதே கையால் என் தலையில் ஒரு தட்டுத் தட்டினாள். சின்ன வயதில், நான் பதில் சொல்லத் தெரியாமல் நிற்கும்போது தட்டுகிற அதே தட்டு. என் கடையும் என் பஸ்ஸும் என் ஊரும் எனக்கு இருக்கட்டும் என்று நினைத்தாளா, மகளுக்குப் பாரமாக இரண்டு பேர் வேண்டாம் என்று நினைத்தாளா, தெரியாது. 'ஏன்' என்று கேட்கவும் அதற்குப் பதில் சொல்லவும் நான் கட்டம் எதுவும் செய்திருக்கவில்லை. எனக்காக முடிவெடுப்பது அவள் வழக்கம். கடைசியாக ஒரு முறை எடுத்தாள் என்று வைத்துக்கொண்டேன்.

ஹவுராவில் ரயில் ஏற்றிவிட்டேன். ஜன்னலோரம், அவளுக்கு இடது பக்கம் பிளாட்பாரம் வரும்படியான இருக்கை கிடைத்ததா என்பதைத்தான் முதலில் பார்த்தேன். கிடைத்திருந்தது. வண்டி நகரும் வரை என்னைப் பார்த்துக்கொண்டிருந்தாள். "தேகி" என்றாள். இந்தமுறை கண்ணை மூடிக்கொள்ளவில்லை.

படகில் ஆற்றைக் கடந்து திரும்பி வந்தேன். வீட்டில் மாஷி தன் பையைக் கட்டிவைத்துக்கொண்டு காத்திருந்தாள். எனக்காக ஒரு பாத்திரத்தில் சோறு மூடிவைத்திருந்தாள். அவளும் போன பிறகு, சத்தமில்லாத அந்த வீட்டில் ஜன்னலைச் சாத்தலாமா திறந்துவைக்கலாமா என்று தெரியாமல் நின்றேன். திறந்தே வைத்தேன்.

பக்கம் அக்காவோடு சென்னை போய்விட்டது. ஆனால் அதைத் திருத்துவது இன்னும் நான்தான். கரியாஹாட்டில் உட்கார்ந்து ஒரு வரியை மாற்றினால் அங்கே அவள் மடியில் கட்டம் நகரும். 'தம்பி' கட்டம் இப்போது இடது பக்கம், மேல் வரிசையில் இருக்கிறது. இந்தத் தடவை யோசித்துத்தான் வைத்தேன். அதைத் தொட்டால் மகள் எனக்குப் போன் போட்டு அம்மாவின் காதில் வைத்துவிடுகிறாள். அக்கா தேகி என்பாள். நான் அன்றைக்கு நடந்ததைச் சொல்வேன். எனக்கு இவ்வளவு பேச வரும் என்பது எனக்குத் தெரியாது.

போன வாரம் மகள் கூப்பிட்டாள். "மாமா, பக்கத்து வீட்ல கேக்கறாங்க, யாரது உங்க வீட்ல ஓயாம காபி கேக்கறதுன்னு." சிரித்துவிட்டுச் சொன்னாள், "அம்மா இப்ப மெதுவா வாசல் வரைக்கும் நடக்கறா. தள்ளுவண்டியில காய் வருது. டேபைத் தூக்கிட்டுப் போய் நிக்கறா, ஆனா அதுக்கேத்த கட்டம் ஒண்ணும் இல்லை. 'பார்க்கலாம்', 'வேண்டாம்', இதை வச்சே எவ்வளவு நேரம் ஓட்டுவா? 'குறைச்சுக் குடுங்க'ன்னு ஒண்ணு போட்டுக் குடுங்களேன். தெருச் சத்தத்துல கேக்கணும். கொஞ்சம் உரக்கச் சொல்லுங்க."

மதியம் கோடவுனுக்குப் போனேன். கதவைச் சாத்திக்கொண்டேன். முதல் தடவை சரியாக வரவில்லை, கெஞ்சுவது போல இருந்தது. அக்கா அப்படிக் கேட்க மாட்டாள். ஜன்னலில் நிற்கும் அவளை நினைத்துக்கொண்டு, புடவைக் கட்டுகளுக்கு நடுவே நிமிர்ந்து நின்று, என் வாழ்க்கையில் எந்தக் கடைக்காரரிடமும் கேட்டிராததைச் சத்தமாகக் கேட்டேன்.

"குறைச்சுக் குடுங்க!"

வெளியே முதலாளி யாரிடமோ பேசிக்கொண்டிருந்த குரல் சட்டென்று நின்றது. நான் பொத்தானை அழுத்திப் பதிவை நிறுத்தினேன். அந்தக் கட்டத்தையும் இடது பக்கத்திலேயே வைத்தேன்.